கிளைகோஸைடு என்னும் சொல்லும் இளஞ்சோளத்தின் நஞ்சும்

மழை பின்வாங்கிய ஆண்டுகளில் மானாவாரிச் சோளம் முழங்கால் உயரத்திற்குமேல் எழும்பாமல் இலை சுருண்டு நிற்பதும், கட்டவிழ்ந்த கறவைப்பசு அதில் புகுந்து சிறிது நேரம் மேய்ந்து வரப்பேறுமுன்னரே கால் தள்ளாடி விழுந்து மாள்வதும் புன்செய்க் கிராமங்களில் புதிய செய்தியல்ல. பாம்பு தீண்டிற்று என்பார் சிலர். கண்ணேறு என்பார் சிலர். பக்கத்து நிலத்துக்காரர் தெளித்த பூச்சிமருந்தே காரணமென்று வழக்குக்கு நிற்பாரும் உளர். அனுபவமுள்ள முதியோர் மட்டும் இளஞ்சோளம் மாட்டுக்கு ஆகாது என்று கூறி நிறுத்திக்கொள்வர். அவர் கூற்றே உண்மை. ஆயினும் அதே வயலின் பயிர் கதிர் விட்டபின் எவ்வாறு தீங்கற்ற தீவனமாகிறது, அதே பயிரின் தானியத்தை மனிதர் எவ்வாறு அச்சமின்றி உண்கின்றனர் என்னும் வினாக்களுக்கு அக்கூற்றில் விடை இல்லை. விடை இரசாயன சாஸ்திரத்தின் ஒரு சொல்லில் அடங்கியிருக்கிறது. அச்சொல் கிளைகோஸைடு என்பது.

தீவனப் பரிசோதனைச் சீட்டுகளிலும் துண்டுப் பிரசுரங்களிலும் இச்சொல் இக்காலத்தில் அடிக்கடி காணப்படுகிறது. படிப்போருள் ஒரு சாரார் இதனைச் சர்க்கரையின் ஒரு வகையென்று எண்ணி வாளாவிருக்கின்றனர். மற்றொரு சாரார் சயனைடு என்பதற்கு இது மறுபெயரென்று கொண்டு நல்ல பயிரையே உழுது அழிக்கத் துணிகின்றனர். இரண்டும் பிழை. இப்பிழையால் நேர்வது சொல்நஷ்டம் மட்டுமன்று, மாட்டு நஷ்டமும் பயிர் நஷ்டமுமாம். ஆதலின் சொல்லின் பொருளைச் சற்று விரிவாக ஆராய்வது தகும்.

கிரேக்க மொழியில் இனிப்பைக் குறிக்கும் சொல்லிலிருந்து குளுகோஸ் என்னும் சர்க்கரையின் பெயரும் கிளைகோஸைடு என்னும் பெயரும் பிறந்தன. ஒரு சர்க்கரை அணுத்திரளும் சர்க்கரையல்லாத வேறொரு வஸ்துவின் அணுத்திரளும் ஒன்றோடொன்று இரசாயன முறையில் பிணைந்து ஆகிய கூட்டுப்பொருளே கிளைகோஸைடு. பிணைக்கும் கட்டுக்குக் கிளைகோஸைடிக் பிணைப்பு என்று பெயர். சர்க்கரையல்லாத பகுதிக்கு அக்ளைகோன் என்று பெயர். சர்க்கரை நீங்கியது என்பது அதன் பொருள். பிணைந்துள்ள சர்க்கரை குளுகோஸாகவே இருப்பின் அப்பொருளைக் குளுகோஸைடு என்று கூறுதல் முறை. பழைய புத்தகங்கள் எல்லாவற்றையுமே குளுகோஸைடு என்று எழுதின; வேறு சர்க்கரைகள் பிணைந்தனவும் உள என்பது தெளிந்தபின் கிளைகோஸைடு பொதுப்பெயராகவும் குளுகோஸைடு அதன் உட்பிரிவின் பெயராகவும் நிலைத்தன. எனவே பழைய நூலில் ஒன்றும் புதிய நூலில் மற்றொன்றும் கண்டு மயங்க வேண்டுவதில்லை.

கிளைகோஸைடு என்றாலே விஷம் என்று கொள்வதும் தவறு. அவுரி இலையில் நீலம் கிடையாது. இண்டிகான் என்னும் நிறமற்ற குளுகோஸைடே உண்டு. தென்னாற்காடு ஜில்லாவில் அவுரி மிகுதியாய்ப் பயிரான காலத்தில், தழையைத் தொட்டியில் ஊறவைத்தபொழுது அது சர்க்கரையாகவும் இண்டாக்ஸில் என்னும் பொருளாகவும் பிரிந்தது. ஊறிய நீரைத் துடுப்பால் அடித்துக் காற்றுப் படச்செய்தபின்னரே நீலம் தோன்றிற்று. கடுகும் அத்தகையதே. உலர்ந்த கடுகுப்பொடியில் காரம் மிகக் குறைவு. நீர் விட்டு அரைத்தவுடன் மூக்கை ஏறும் காரம், அதிலுள்ள கந்தகம் கலந்த கிளைகோஸைடு உடைவதால் உண்டாவது. அரளியில் உள்ளதோ உடையாமலே இதயத்தைத் தாக்கும் வகை. ஒரே குடும்பப்பெயர் தாங்கிய இவற்றின் குணம் வெவ்வேறாயிருப்பதற்குக் காரணம் அக்ளைகோன் வெவ்வேறாயிருப்பதே. கடைக்காரர் கட்டிக்கொடுக்கும் பொட்டலத்தின் நூல் ஒன்றாயினும் உள்ளிருக்கும் சரக்கு வேறுபடுமன்றோ, அதுபோல என்க.

சோளத்தில் உள்ள கிளைகோஸைடு, உடைந்தால் ஹைட்ரோசயனிக் அமிலத்தை வெளிவிடும் இனத்தைச் சேர்ந்தது. இவ்வினத்திற்குச் சயனோஜெனிக் கிளைகோஸைடு என்று பெயர். சயனோஜெனிக் என்பதைச் சயனைடு உடையது என்று மொழிபெயர்ப்போர் உளர்; சயனைடைப் பிறப்பிப்பது என்பதே நேரான பொருள். உடையது, பிறப்பிப்பது என்னும் இவ்விரண்டிற்கும் உள்ள வேற்றுமையே இக்கட்டுரையின் உயிர்நிலை.

ஹைட்ரோசயனிக் அமிலத்தை 1782ல் ஸ்வீடன் தேசத்து ஷீலே என்பவர் பிரஷ்ய நீலம் என்னும் சாயப்பொருளிலிருந்து வடித்தெடுத்தார். பிரஸ்ஸிக் அமிலம் என்னும் பழம்பெயர் அதனால் வந்தது. கசப்பு வாதுமைப் பருப்பிலிருந்து அமிக்டலின் என்னும் வெண்ணிறப் படிகப்பொருள் 1830ல் பிரெஞ்சு நாட்டில் பிரித்தெடுக்கப்பட்டது. 1837ல் ஜெர்மானிய இரசாயன நிபுணர்களாகிய லீபிக், வோலர் இருவரும் அப்பொருளைத் தனியே நீரில் கரைத்து வைத்தால் மாறுதலின்றி இருப்பதையும், வாதுமைப் பருப்பிலேயே உள்ள எமல்ஸின் என்னும் மற்றொரு சத்தைச் சேர்த்தவுடன் அது சர்க்கரையும் வாதுமை வாசனையுள்ள பென்ஸால்டிஹைடும் ஹைட்ரோசயனிக் அமிலமுமாகப் பிரிவதையும் கண்டனர். எமல்ஸின் போன்ற சத்துக்களே இன்று நொதி அல்லது என்ஸைம் எனப்படுவன. சோளத்திற்குரிய பொருளை லண்டனில் டன்ஸ்டன், ஹென்றி என்னும் இருவர் 1902ல் பிரித்துக் காட்டி, சோளத்தின் அரபிப் பெயராகிய துர்ரா என்பதிலிருந்து அதற்குத் துர்ரின் என்று பெயரிட்டனர்.

துர்ரின் ஒரு குளுகோஸைடு. அதன் உடைவை எடைக்கணக்கால் காட்டலாம். 311 பங்கு துர்ரின், 18 பங்கு நீரை ஏற்று, 180 பங்கு குளுகோஸும் 122 பங்கு பாரா ஹைட்ராக்ஸி பென்ஸால்டிஹைடும் 27 பங்கு ஹைட்ரோசயனிக் அமிலமுமாகப் பிரிகிறது. கூட்டிப் பார்ப்பின் இருபுறமும் 329 வரும். அதாவது 100 கிராம் துர்ரின் முற்றும் உடைந்தால் 9 கிராமுக்குச் சற்றுக் குறைந்த அமிலம் தோன்றும். எஞ்சியது சர்க்கரையும் மணப்பொருளுமேயாம்.

பயிர் தன் விஷத்தாலேயே மாளாதது ஏன் என்னும் கேள்வி எழலாம். இலையின் மேல்தோல் அறைகளில் துர்ரின் தங்கியிருக்கிறது. அதனை உடைக்கும் என்ஸைம் இலையின் நடுப்பகுதியிலுள்ள பச்சை அறைகளில் இருக்கிறது. இடையே சுவர் உண்டு. வெடிமருந்தை ஓர் அறையிலும் தீக்குச்சியை மறு அறையிலும் வைத்த வீடு போன்றது சோள இலை. மாட்டின் பல் அச்சுவரை நொறுக்குகிறது. நசுங்கிய இலையில் இரண்டும் கலக்கின்றன. முதலில் சர்க்கரை பிரிய, எஞ்சிய பகுதி நிலைத்து நிற்க மாட்டாமல் அமிலத்தை விடுகிறது. உறைபனியும், கால்நடையின் மிதிப்பும், கடும் வாட்டமும் இச்சுவரைத் தகர்க்கக்கூடும். அசைபோடும் பிராணிகளின் முதல் இரைப்பையில் புளிப்பு மிகாதிருப்பதாலும், அங்குள்ள நுண்ணுயிர்களிடமும் இதே தொழில் செய்யும் என்ஸைம் இருப்பதாலும், பசு, எருமை, ஆடு ஆகியவற்றில் உடைவு விரைவாக நடைபெறுகிறது. குதிரை, பன்றி இவற்றின் இரைப்பையிலுள்ள கடும் புளிப்பு என்ஸைமைக் கெடுத்துவிடுவதால் அவை அவ்வளவு எளிதில் பாதிக்கப்படுவதில்லை.

வயலில் துர்ரின் எப்பொழுது மிகும் என்பதை விவசாயி அறிந்திருத்தல் அவசியம். விதையில் அஃது இல்லை. ஆகையால் தானியம் உணவுக்கு ஏற்றது. முளைத்த சில நாட்களில் நாற்று அதனை ஏராளமாக உண்டாக்கிக்கொள்கிறது. வெளிச்சமின்றி முளைத்த நாற்றின் நுனியில், உலர்ந்த எடையில் மூன்றில் ஒரு பங்குக்கு நெருங்கும் அளவு துர்ரின் இருந்ததை ஆராய்ச்சியாளர் அளந்து கூறியுள்ளனர். முளைகட்டிய தானியங்களை உண்பது இப்பொழுது பரவி வருகிறது. பச்சைப்பயற்றுக்குப் பொருந்தும் அம்முறை சோளத்திற்குப் பொருந்தாது. சோளத்தை முளைகட்டினால் நன்கு உலர்த்தி, முளையையும் வேரையும் தேய்த்து நீக்கியபின்னரே மாவாக்குதல் வேண்டும்.

பயிர் வளர வளர இலை பெருத்து, துர்ரினின் விகிதம் தாழ்ந்துகொண்டே வரும். தண்டைவிட இலையில் அது மிகுதி. முதிர்ந்த இலையைவிட இளங்குருத்தில் மிகுதி. வறட்சியால் வளர்ச்சி நின்ற பயிரில் குறையவேண்டியது குறைவதில்லை. வறட்சி முடிந்து மழை பெய்தவுடன் தூரிலிருந்து கிளம்பும் பசுந்தளிர் கண்ணுக்கு மிக இனிதாயிருக்கும். அபாயமும் அதிலேயே மிகுதி. அறுவடைக்குப்பின் கட்டையிலிருந்து துளிர்க்கும் மறுதாம்பும் அவ்வாறே. அறுத்த காட்டில் மாடுகளை அவிழ்த்துவிடும் வழக்கம் பல ஊர்களில் உண்டு. தட்டை மட்டும் நிற்கும்வரை அதில் தீங்கில்லை, துளிர் கண்டபின் கூடாது. யூரியா போன்ற தழைச்சத்து உரத்தை மிகுதியாக ஒரே தடவையில் இடுவதும் துர்ரினைப் பெருக்கும்.

அளவைப் பற்றியும் ஒரு சொல். மாட்டின் உடல் எடையில் ஒவ்வொரு கிலோவுக்கும் சுமார் 2 மில்லிகிராம் ஹைட்ரோசயனிக் அமிலம் உட்சென்றால் உயிருக்கு ஆபத்து என்பது பொதுவாகக் கொள்ளப்படும் கணக்கு. 250 கிலோ எடையுள்ள பசுவுக்கு அது 500 மில்லிகிராம். பச்சைத்தீவனம் ஒரு கிலோவில் 200 மில்லிகிராம் அமிலம் பிறக்கக்கூடுமாயின் அத்தீவனம் அபாயகரமானதென்று கருதப்படுகிறது. அத்தகைய தீவனம் இரண்டரை கிலோவே அப்பசுவுக்குப் போதும். ஒரு கைக்கட்டுக்கு மேல் இராது. ஆயினும் இக்கணக்கு நேரத்தையும் சார்ந்தது. சிறுகச் சிறுக உட்செல்லும் அமிலத்தை, உடல் தன்னிடமுள்ள கந்தகத்தோடு சேர்த்துத் தயோசயனேட் என்னும் தீங்கு குறைந்த பொருளாக்கிச் சிறுநீரில் போக்கிவிடும். பட்டினி கிடந்த மாடு ஆவலோடு விரைந்து மேயும்பொழுதே இவ்வேலைக்கு அவகாசமின்றிப் போகிறது. வெறும் வயிற்றோடு மாட்டைச் சோளக்காட்டுப் பக்கம் ஓட்டிச் செல்லலாகாது என்பது இதனால் விளங்கும்.

தீவனச்சோளம் பயிரிடுவோர் பாதிக்குமேல் பூ வெளிவந்தபின் அறுப்பதே நலம். கோ. எப். எஸ். 29 போன்ற பல அறுப்பு இரகங்களில் முதல் அறுப்பை விதைத்த 65ம் நாளளவிலும் பின்னைய அறுப்புக்களை 50 நாளுக்கொரு முறையும் செய்யும்படி கூறப்பட்டிருப்பதை, தீவன நெருக்கடியை முன்னிட்டு முந்திக்கொள்வது விரும்பத்தக்கதன்று. உடனடிப் பசுந்தீவனம் வேண்டுவோருக்குக் கம்பு ஏற்றது. அதில் இவ்வமிலம் பிறப்பதில்லை. அறுத்த சோளத்தை வெயிலில் நன்கு உலர்த்தினால் துர்ரினின் பெரும்பகுதி உடைந்து அமிலம் காற்றோடு போய்விடும். ஹைட்ரோசயனிக் அமிலம் 26 டிகிரி சென்டிகிரேடிலேயே கொதிக்கும் பொருளாதலின் நம் வெயிலில் அது தங்காது. குழியிலிட்டுப் பதப்படுத்திய சைலேஜிலும் சில வாரங்களில் குறையும். ஆனால் காலையில் அறுத்து மாலையில் அரைகுறையாய் வாடிய தட்டை உலர்ந்த தட்டையன்று. அதனை நம்பி இடுவது கூடாது.

விஷம் ஏறிய மாடு, மேய்ந்த கால்மணி நேரத்திற்குள்ளாகவே பெருமூச்சு வாங்கும்; வாயில் நுரை தள்ளும்; தசைகள் துடிக்கும்; தள்ளாடி விழும். ஹைட்ரோசயனிக் அமிலம் இரத்தத்திலுள்ள பிராணவாயுவை அழிப்பதில்லை. திசுக்கள் அப்பிராணவாயுவைப் பயன்படுத்தும் என்ஸைமையே கட்டிப்போடுகிறது. எனவே இரத்தம் நிறையப் பிராணவாயு இருந்தும் உடல் மூச்சின்றித் தவிக்கிறது. ஈறும் கண்ணிமையின் உட்புறமும் மிகச் சிவந்து காணும். இந்நிறத்தைக் கவனிப்பது அற்ப விஷயமன்று. வறண்ட, உரம் மிகுந்த சோளத்தில் நைட்ரேட் உப்பும் தேங்குவதுண்டு. அதனால் விஷமேறிய மாட்டின் இரத்தம் காப்பிக்கொட்டைபோல் பழுப்பாகும். சயனைடு விஷத்திற்குக் கால்நடை வைத்தியர் இரத்தக்குழாயின் வழியே செலுத்தும் மருந்துகள் சோடியம் நைட்ரைட்டும் சோடியம் தயோசல்பேட்டும் ஆகும். பின்னது புகைப்படக்காரர் ஹைப்போ என்று வழங்கிய உப்பே. உடலுக்கு வேண்டிய கந்தகத்தை அளிப்பது. நைட்ரேட்டால் வீழ்ந்த மாட்டுக்கு நைட்ரைட்டைச் செலுத்தினால் கேடு இரட்டிக்கும். ஆகவே வைத்தியருக்கு ஆளனுப்புவோர், மாடு எந்த வயலில் எவ்வளவு நேரம் மேய்ந்தது, என்ன உரம் இடப்பட்டது, ஈறு சிவப்போ பழுப்போ என்பவற்றையும் சொல்லியனுப்புவது பேருதவி. இறந்து நேரமாகிவிட்டால் இரத்தத்தின் நிறம் மாறிவிடும். அதனைக்கொண்டு முடிவு செய்தல் இயலாது.

இனிப் பரிசோதனைச் சீட்டின் மொழிக்கு வருவோம். ஒரு கிலோவுக்கு இத்தனை மில்லிகிராம் ஹைட்ரோசயனிக் அமிலம் என்று அதில் எழுதியிருந்தால், அவ்வளவு அமிலம் இலைக்குள் தயாராக நிற்கிறது என்பது பொருளன்று. உள்ளிருக்கும் கிளைகோஸைடு முழுதும் உடைந்தால் அவ்வளவு பிறக்கும் என்பதே பொருள். இவ்வேற்றுமை சோளத்தைவிட மரவள்ளிக்கிழங்கில் மிக முக்கியம்.

சேலம், நாமக்கல், தருமபுரி ஜில்லாக்களில் மாவாலைகளுக்கும் சவ்வரிசிக்கும் பயிராகும் மரவள்ளியில் லினமாரின் என்னும் குளுகோஸைடு உண்டு. ஆளிவிதையில் முதலில் அறியப்பட்டதால் ஆளியின் லத்தீன் பெயர் இதற்கு வாய்த்தது. இதன் 247 பங்கு உடைந்தால் 27 பங்கு அமிலம் வரும். அதாவது துர்ரினைவிடச் சற்று அதிகம். கிழங்கின் சதையைவிடத் தோலில் இது மிகுதி. கொதிக்க வைத்தால் விஷம் ஆவியாகிவிடும் என்பது பொதுவான நம்பிக்கை. அமிலம் ஆவியாகும், உண்மை. ஆனால் கிளைகோஸைடு ஆவியாகாது. பெரிய துண்டுகளைத் தோலோடு கொதிநீரில் இட்டால் முதலில் அழிவது உடைக்கும் என்ஸைமே. உடைப்பாரின்றி லினமாரின் அப்படியே தங்கிவிடுகிறது; உண்டபின் குடலிலுள்ள நுண்ணுயிர்கள் அதில் ஒரு பகுதியை உடைக்கின்றன. தோலைத் தடிப்பாக நீக்கி, சிறு துண்டுகளாக்கி, நிறைய நீரில் வேகவைத்து அந்நீரைக் கொட்டிவிடும் குடும்பப் பெண்களின் வழக்கம் இரசாயனக் கண்கொண்டு பார்த்தாலும் சரியானதே. லினமாரின் நீரில் கரையுமாதலின் கொட்டும் நீரோடு அது வெளியேறுகிறது. அந்நீரை மாட்டுத்தொட்டியில் ஊற்றுவதுதான் தவறு. உரித்த பச்சைத்தோலை ஆடுகளுக்கு எறிவதும் அவ்வாறே.

இதன் கொடுமையை ஆப்பிரிக்கா கண்டது. பழைய பெல்ஜியக் காங்கோவில் 1938ல் வைத்தியர்கள் பதிவுசெய்த கொன்ஸோ என்னும் கால் முடக்கு நோய், 1981ல் மொஸாம்பிக்கின் நம்புலா மாகாணத்தில் பெருவறட்சியின்போது ஆயிரத்திற்கும் மேற்பட்டோரைப் பீடித்தது. அவர்களுள் பெரும்பாலோர் பெண்டிரும் பிள்ளைகளும். கசப்பு மரவள்ளியைப் பசியின் அவசரத்தால் போதுமான நாள் பதப்படுத்தாமல் உண்டதே காரணம். ஊறவைத்தல், துருவிப் பிழிதல், புளிக்கவைத்தல் என்னும் பழைய முறைகளெல்லாம் என்ஸைமையும் கிளைகோஸைடையும் வேண்டுமென்றே கலக்கவிட்டு, பிறக்கும் அமிலத்தைப் போக்கும் முறைகளேயாம். இந்நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் ஆஸ்திரேலியாவைச் சேர்ந்த ஹோவர்டு பிராட்பரி என்னும் நிபுணர் அதனையே எளிதாக்கினார். மரவள்ளி மாவை நீரில் பிசறி மெல்லிய படலமாய்ப் பரப்பி, நிழலில் 5 மணி நேரமோ வெயிலில் 2 மணி நேரமோ விட்டுவைத்தால், மாவில் எஞ்சியுள்ள என்ஸைமே வேலையை முடித்துவிடுகிறது. உண்ணும் மரவள்ளி மாவில் ஒரு கிலோவுக்கு 10 மில்லிகிராமுக்கு மேற்படலாகாது என்பது சர்வதேச உணவு விதி.

தீவனத்தைச் சோதிக்க விரும்புவோருக்கு ஓர் எளிய வழியுண்டு. 1906ல் கினார் என்னும் பிரெஞ்சுத் தாவர நூலார் வகுத்தது. நறுக்கி நசுக்கிய பச்சை இலையைச் சிறு குப்பியிலிட்டு, இரண்டொரு துளி குளோரோபாரம் விட்டு, சோடியம் பிக்ரேட்டில் தோய்த்த ஈரமான மஞ்சள் காகிதத்தை இலையில் படாதவாறு தொங்கவிட்டு இறுக மூடிவைத்தல் வேண்டும். அமிலம் பிறந்தால் காகிதம் ஆரஞ்சு நிறமாகிப் பின் செங்கல் நிறமாகும்; நிறம் எவ்வளவு விரைவில் ஏறுகிறதோ அவ்வளவு அபாயம். பிக்ரிக் அமிலம் உலர்ந்தால் வெடிக்குந் தன்மையுடையதாகையால் இக்காகிதத்தை வீட்டில் செய்ய முயலாமல் ஆராய்ச்சிசாலையிலேயே செய்வித்தல் நன்று. இலையைக் கொண்டுசெல்வோர் ஈரத்துணியில் சுற்றிக் குளிர்ச்சியாக அன்றே சேர்ப்பிக்க வேண்டும். அடுப்பருகே காய்ந்து சூடேறிய இலையில் என்ஸைம் இறந்துபோயிருக்கும். அப்பொழுது காகிதம் மஞ்சளாகவே நிற்கும், கிளைகோஸைடோ குறையாதிருக்கும். அத்தகைய இலைக்கு என்ஸைமை வெளியிலிருந்து சேர்த்தே சோதிப்பர்.